கண்ணில்லாக் காவலனும் நம் வீட்டுப் பிள்ளைகளும்

"வார்டன் வந்துவிட்டது, ஓடு!" என்று அடுத்த அறையிலிருந்து பிள்ளைகள் அலறும் குரல் கேட்டால், விடுதிக் காப்பாளர் யாரோ நம் வீடு தேடி வந்துவிட்டார் போலும் என்று தாய்மார்கள் பதற வேண்டியதில்லை. பெரம்பலூர்ப் பக்கம் கல்லூரி விடுதிகள் பெருகிவிட்ட இக்காலத்தில் அவ்வாறு எண்ணுவது இயல்பே. ஆயினும் பிள்ளைகள் அஞ்சும் வார்டன் வேறு. மைன்கிராஃப்ட் என்னும் கணினி விளையாட்டில், நிலத்துக்கு வெகு ஆழத்தில், வெளிச்சம் புகாத குகைகளில் தோன்றும் ஓர் அரக்கன் அது. அதற்குக் கண்கள் இல்லை. காதும் மூக்கும்தான் அதன் படைக்கலன்கள். அவ்விளையாட்டில் உள்ள எதையும் விட அதன் அடி பலமானது என்பதால், அதனிடமிருந்து உயிரோடு மீண்டவன் தன் தோழர்களிடையே ஒரு வீரனாகவே மதிக்கப்படுகிறான்.

பிள்ளைகளின் விளையாட்டுக்கு இந்த இதழில் இத்தனை பக்கங்களா என்று பெரியவர்கள் முகம் சுளிக்கலாம். வேப்பந்தட்டையில் என் தங்கை வீட்டில் கடந்த கோடை விடுமுறையில் நடந்ததைக் கேட்டால் அவர்கள் அவ்வாறு சொல்ல மாட்டார்கள் என்று நம்புகிறேன்.

தங்கையின் மகனுக்கு வயது 11. அவனுடைய அத்தா ரியாத்தில் பணி புரிகிறார். அவர் வாங்கி அனுப்பிய கைபேசியில் பல மாதங்களாக அவன் சிறுகச் சிறுகச் சேர்த்த வைரக் கவசம், வாள், கோடரி ஆகிய அனைத்தும் ஒரு மாலைப் பொழுதில் அந்த அரக்கனின் காலடியில் போயின. மூன்று முறை திரும்பப் போய் மூன்று முறையும் மடிந்தான். அன்று இரவு அவன் சோறு உண்ணவில்லை. அது பெரிய செய்தி அன்று. பொருள் இழந்தவன் எவனும் ஒரு வேளை பட்டினி கிடப்பான். ஆனால் மறுநாள் முதல் அவன் விளக்கை அணைக்கவிடாமல் உறங்கத் தொடங்கினான். நள்ளிரவில் எழுந்து, தரைக்கு அடியில் இதயத் துடிப்புப் போன்ற ஓசை கேட்பதாகச் சொன்னான்.

பக்கத்து வீட்டு மூதாட்டி வந்து பார்த்துவிட்டு, பிள்ளையை ஜின் தீண்டியிருக்கிறது, ஓதிப் பார்க்கிறவரிடம் அழைத்துப் போங்கள் என்று சொல்லிவிட்டுப் போனார். என் தங்கை கலங்கிப் போனாள். ரியாத்துக்குப் பேசினாள். "அந்தக் கைபேசியைக் கிணற்றில் எறி" என்று அங்கிருந்து உத்தரவு வந்தது. வீட்டில் இரண்டு கட்சிகள் உண்டாயின. ஒரு கட்சி தாயத்துக்கு; மற்றொன்று கிணற்றுக்கு.

ஜின் என்னும் படைப்பு உண்டு என்பது நம் ஈமானைச் சார்ந்த செய்தி. அதில் ஐயமில்லை. ஆனால் சுவீடன் நாட்டு ஸ்டாக்ஹோம் நகரைத் தலைமையிடமாகக் கொண்ட ஒரு நிறுவனத்தார் எழுதி வைத்த கணினிக் கட்டளைகள் ஜின் ஆகிவிடமாட்டா. உறங்கச் செல்லுமுன் ஆயத்துல் குர்ஸி ஓதிப் படுக்கச் சொல்லுங்கள். அது என்றைக்கும் நன்மையே. ஆனால் விளையாட்டில் கண்ட ஒன்றுக்காகப் பிள்ளையை ஊர் ஊராக அழைத்துச் சென்று தாயத்துக் கட்டினால், அவன் கண்டது மெய்யான பேய்தான் என்று நாமே முத்திரை குத்திக் கொடுத்தவர்களாவோம். பிறகு அந்த அச்சம் எளிதில் நீங்காது. அந்த அரக்கன் எப்படி இயங்குகிறது, எதற்காக இயங்குகிறது என்பதை அவனுக்கு விளக்கிச் சொல்வதே மருந்து என்று எனக்குப் பட்டது. விளக்கிச் சொல்ல வேண்டுமாயின் முதலில் நாம் அறிந்திருக்க வேண்டும். ஆகவே அவனையே ஆசிரியனாக்கி, அவன் அக்காளையும் பக்கத்தில் அமர்த்திக்கொண்டு பாடம் கேட்டேன். அவள் வேப்பந்தட்டை அரசுக் கலை அறிவியல் கல்லூரி மாணவி; எதையும் ஏட்டில் குறித்து வைக்கும் பழக்கம் உடையவள்.

மணலில் கட்டும் வீடு

ஆற்று மணலில் அமர்ந்த பிள்ளைகளுக்கு யாரும் விதி சொல்லித் தருவதில்லை. ஒருவன் வீடு கட்டுவான். ஒருவன் கிணறு தோண்டுவான். மற்றொருவன் வாய்க்கால் வெட்டித் தண்ணீர் விடுவான். அதே முறையில் அமைந்த கணினி விளையாட்டுகளை மணல்தொட்டி விளையாட்டுகள் என்கிறார்கள். மைன்கிராஃப்ட் அவற்றுள் மிகப் புகழ் பெற்றது. மார்க்கஸ் பெர்சன் என்பவர் 2009ஆம் ஆண்டு அதன் முதல் வடிவத்தை வெளியிட்டார். முழுமை பெற்ற பதிப்பு 2011 நவம்பரில் வந்தது. 2014ஆம் ஆண்டு மைக்ரோசாஃப்ட் நிறுவனம் அதனை உருவாக்கிய மோஜாங் நிறுவனத்தை 250 கோடி டாலருக்கு வாங்கியது. 2023ஆம் ஆண்டுக்குள் 30 கோடிக்கும் மேற்பட்ட பிரதிகள் விற்றுவிட்டன என்றால், வேப்பந்தட்டை வரை அது வந்து சேர்ந்ததில் வியப்பென்ன?

அவ்வுலகம் முழுவதும் சதுரச் சதுரமான கட்டிகளால் ஆனது. பிள்ளைகள் அவற்றை பிளாக் என்பர். ஒரு பிளாக் ஒரு மீட்டர் நீள அகல உயரம். மரத்தை வெட்டிப் பலகை ஆக்கலாம். மண்ணை உழுது கோதுமை விதைக்கலாம். ஆடு மாடு வளர்க்கலாம். பூமியைத் தோண்டி இரும்பும் தங்கமும் வைரமும் எடுக்கலாம். வைரம் ஆழத்தில்தான் மிகுதி. ஆழத்துக்குப் போகிறவனுக்குத்தான் ஆபத்தும் மிகுதி. (உருவங்களும் அவற்றின் சித்திரிப்பும் பற்றிய மார்க்க விவாதத்துக்குள் இக்கட்டுரை நுழையவில்லை. அதில் தெளிவு வேண்டுவோர் தம் ஊர் ஆலிமிடம் கேட்டறிவதே முறை.)

வார்டன் வாழும் இடத்துக்கு ஆழிருள் என்று பெயர் சொல்லலாம். அவ்வுலகின் கடல் மட்டத்திலிருந்து கணக்கிட்டால் நூறு பிளாக்குகளுக்கும் கீழே, பெரும்பாலும் மலைகளின் அடியில் அது இருக்கும். சில இடங்களில் அங்கே ஒரு பாழ்நகரம் புதைந்து கிடக்கிறது. நீண்ட மண்டபங்கள், இடிந்த சுவர்கள், அணைந்துபோன தெருக்கள், மூலைக்கு மூலை பெட்டிகள். வேப்பந்தட்டை வட்டத்தில் இருக்கும் ரஞ்சன்குடி கோட்டையைக் கண்டு, அதன் கீழறைக்குள் கைவிளக்கோடு இறங்கியவர்கள் அந்தக் குளிர்ச்சியையும் நிசப்தத்தையும் எண்ணிக்கொள்ளுங்கள். என் மருமகனுக்கு அப்படிச் சொன்னவுடன் புரிந்துவிட்டது. பள்ளியிலிருந்து அங்கே போய் வந்தவன் அவன்.

ஆழிருளில் வேறு பகை உயிர்கள் தாமாகத் தோன்றுவதில்லை. வீரம் மிகுந்த பிள்ளைகளும் ஏமாறும் இடம் இதுவே. எதிரி யாரும் இல்லையே என்று துள்ளிக் குதித்து ஓடுகிறார்கள். தரையிலும் சுவரிலும் கருநீல நிறத்தில், சிறு ஒளிப்புள்ளிகளோடு, பாசி போல் ஒன்று படர்ந்திருக்கும். ஸ்கல்க் என்பது அதன் பெயர். அதில் இரண்டு வகைக் காவலர்கள் உண்டு. சென்சார் என்பது எட்டு பிளாக் தொலைவுக்குள் எழும் அதிர்வை உணர்ந்து சைகை தரும். ஷ்ரீக்கர் என்பது அந்தச் சைகையைப் பெற்றவுடன் ஓலமிடும். ஓலம் எழுந்தால் திரை இருண்டு இருண்டு தெளியும். முதல் மூன்று ஓலங்களும் எச்சரிக்கை. நான்காவது ஓலத்துக்குத் தரை பிளந்து வார்டன் எழுந்து வரும்.

அதன் பலம்

அக்காள் ஏட்டில் எழுதி வைத்திருந்த கணக்கை இங்கே தருகிறேன். ஆடுபவனின் உயிர் 20 புள்ளிகள். வார்டனின் உயிர் 500. விளையாட்டின் இறுதிப் பகைவனாக வைக்கப்பட்டிருக்கும் நாகத்துக்கே 200தான். நடுத்தரக் கடுமையில் ஆடும்போது வார்டனின் ஓர் அடி 30 புள்ளிகளைப் பறிக்கும். கவசமில்லாதவன் ஒரே அடியில் முடிந்தான். வைர வாளால் திருப்பி அடிப்போம் என்றால் 60க்கும் மேற்பட்ட அடிகள் தேவை. நெருப்பும் கொதிக்கும் எரிமலைக் குழம்பும் அதை ஒன்றும் செய்வதில்லை.

எட்ட நின்று அம்பு எய்யலாம் என்றும், உயரத்தில் ஏறிக்கொண்டால் தப்பிவிடலாம் என்றும் நினைத்த கெட்டிக்காரர்கள் உண்டு. அவர்களுக்காகவே அதன் மார்பிலிருந்து ஓர் ஒலிக்கணை புறப்படுகிறது. ஏறத்தாழ 15 பிளாக் தொலைவு வரை பாயும். நடுவில் சுவர் எழுப்பினாலும் ஊடுருவும். கேடயத்தையும் கவசத்தையும் அது பொருட்படுத்தாது. நடுத்தரக் கடுமையில் ஒரு கணைக்கு 10 புள்ளிகள், அதாவது பாதி உயிர். இரண்டாவது கணைக்கு மிச்சப் பாதியும் போகும்.

இத்தனை பாடுபட்டு அதைக் கொன்றவன் பெறுவது என்ன தெரியுமா? ஒரே ஒரு ஸ்கல்க் கேட்டலிஸ்ட் கட்டி. அக்கட்டியைச் சண்டையே இல்லாமல் அந்தப் பாழ்நகரத்திலேயே தோண்டி எடுத்துக்கொள்ளலாம். வைரம் இல்லை, வாள் இல்லை, பட்டமும் இல்லை. மருமகன் இதை அறிந்தபோது "அப்ப எதுக்கு மாமா அதை வச்சிருக்காங்க?" என்று கேட்டான். சரியான கேள்வி. இந்த அரக்கனை உருவாக்கப் போவதாக 2020 அக்டோபரில் மோஜாங் நிறுவனத்தார் அறிவித்தபோதே, இது எதிர்த்துப் போரிடுவதற்காக அன்று, ஒதுங்கிச் செல்வதற்காகவே என்று விளக்கம் தந்தார்கள். அறிவித்த காலத்தில் முடிக்க இயலாமல் தள்ளிப் போய், 2022 ஜூன் 7ஆம் நாள் வெளிவந்தது. வென்றால் பரிசு கொடுத்தால் எல்லோரும் வெல்லவே முயல்வார்கள். ஆகவே பரிசை நீக்கிவிட்டார்கள். பரிசுகள் எல்லாம் அந்தப் பாழ்நகரத்துப் பெட்டிகளில் இருக்கின்றன. அரக்கனைக் கொல்லாமல் அவற்றை எடுத்து வரத் தெரிந்தவனே கெட்டிக்காரன்.

மருமகனின் தலைமாட்டில் கேட்ட இதயத் துடிப்பின் மர்மமும் இங்கேதான் விடுபட்டது. வார்டனின் மார்பில் இதயம் துடிக்கும் ஓசை விளையாட்டில் மெய்யாகவே ஒலிக்கிறது. அதன் சினம் ஏறும்தோறும் துடிப்பு விரைவாகும். அருகில் வந்துவிட்டதா, ஐயம் கொண்டிருக்கிறதா, உறுதி செய்துகொண்டதா என்பதைப் பார்க்காமலே அறிந்துகொள்ள ஏற்படுத்திய குறிப்பு அது. காதில் ஒலிப்பான் மாட்டிக்கொண்டு இரவு இஷாவுக்குப் பிறகு இருட்டில் அமர்ந்து கேட்டவனுக்கு, கண் மூடிய பின்னும் அது ஒலித்ததில் அதிசயம் இல்லை. "அது உன்னை மிரட்டுவதற்கு மட்டும் இல்லை, உனக்குச் சொல்லும் எச்சரிக்கையும் அதுதான்" என்று அக்காள் சொன்னாள். அன்று முதல் பகல் வெளிச்சத்தில், கூடத்தில் அமர்ந்து, எல்லோரும் கேட்கும்படி ஒலியை வைத்து ஆட வேண்டும் என்று முடிவாயிற்று. சில நாட்களில் விளக்கை அணைத்துவிட்டு உறங்கினான்.

கம்பளி விரித்த பாதை

இனித் தப்பும் வழி. இதுவே இக்கட்டுரையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி.

அரக்கனுக்குக் கண் இல்லை. எனவே ஓசை எழுப்பாதவன் அதற்கு இல்லாதவனே. குனிந்து பதுங்கி நடந்தால் காலடி ஓசை அதற்கோ சென்சாருக்கோ எட்டுவதில்லை. ஆனால் நடை மிக மெதுவாகிவிடும். வழக்கமான வேகத்தில் மூன்றில் ஒரு பங்குகூட இராது. பொறுமையற்றவன் நாலு எட்டுக்குள் நிமிர்ந்துவிடுவான். குனிந்திருப்பவனும் ஒரு பெட்டியைத் திறந்தால், கல்லை உடைத்தால், பசிக்கு ஏதேனும் தின்றால்கூட அதிர்வு எழும். அதற்கு மருந்து கம்பளி. கம்பளிக் கட்டியின் மேலோ கம்பள விரிப்பின் மேலோ நடந்தால் அதிர்வு எழுவதில்லை. சென்சாருக்கும் நமக்கும் இடையே கம்பளிச் சுவர் வைத்தால் ஓசை அதைக் கடந்து செல்லாது. அந்தப் பாழ்நகரத்திலேயே ஆங்காங்கே சாம்பல் நிறக் கம்பளித் தளங்கள் கிடப்பதை மருமகள் சுட்டிக் காட்டினாள். முன்பு அங்கே வாழ்ந்தவர்களும் இதே அச்சத்தோடு வாழ்ந்தார்கள் என்பதற்கு அது சான்று என்பது அவள் கருத்து. கற்பனை நகரத்துக்கும் வரலாறு எழுதும் வயது அவளுக்கு.

கம்பளிக்கு எங்கே போவது? ஆடுகளிடம்தான். இங்கே வீட்டின் கடைக்குட்டி, ஏழு வயதுப் பெண், களம் இறங்கினாள். செம்மறி ஆடுகளைப் பட்டியில் அடைத்து, கத்தரிக்கோலால் முடி கத்தரிக்கும் வேலை அவளுடையது. ஓர் ஆட்டுக்கு ஒன்று முதல் மூன்று கம்பளி கிடைக்கும். புல் மேய்ந்தால் மறுபடி முளைக்கும். இரண்டு கம்பளிக்கு மூன்று விரிப்புகள் நெய்யலாம் என்பதால் கட்டியாக வைப்பதை விட விரிப்பாக விரிப்பதே சிக்கனம் என்று அக்காள் கணக்குப் போட்டாள். பருத்தி ஆராய்ச்சி நிலையம் அமைந்திருக்கும் ஊரில் பிறந்துவிட்டு இந்தப் பிள்ளைகள் கம்பளிக்கு அலைகிறார்களே என்று அவர்கள் நன்னி சிரித்தார்.

பத்திரமான இடத்தில் முதலில் ஒரு படுக்கை போட்டு உறங்கி எழ வேண்டும். மடிந்தால் அங்கேதான் மறுபடி கண் விழிப்போம். விலை உயர்ந்த பொருள்களை அங்கே ஒரு பெட்டியில் வைத்துவிட்டு, இழந்தாலும் வருந்தாத பொருள்களோடு கீழே இறங்க வேண்டும். ஷ்ரீக்கரைக் கண்டால், நெருங்கும் முன் அதைச் சுற்றிக் கம்பளி அடைக்க வேண்டும். அல்லது அது இருக்கும் பக்கமே போகாமல் வேறு வழி தேட வேண்டும். ஓர் ஓலம் எழுந்துவிட்டால் மேலே முன்னேறாமல் திரும்பிவிடுவதே அறிவு. பத்து நிமிடம் வேறு ஓலம் எழாமல் இருந்தால் எச்சரிக்கைக் கணக்கில் ஒன்று குறையும். அந்தப் பத்து நிமிடத்தைப் பிள்ளைகள் எவ்வாறு கழிப்பார்கள்? அஸர் பாங்கு சொல்லும் நேரமாகப் பார்த்து முதல் ஓலம் எழுவது எங்கள் வீட்டில் வழக்கமாகிவிட்டது என்று தங்கை சொல்கிறாள். தற்செயலோ திட்டமோ, எனக்குத் தெரியாது.

எல்லாம் தவறி அரக்கன் எழுந்தே வந்துவிட்டால்? ஓடக் கூடாது. ஓட்டம்தான் அதற்கு முகவரி. அப்படியே குனிந்து, அதற்கு எட்டாத தொலைவுக்கு மெல்ல விலக வேண்டும். அசையாமல் பக்கத்திலேயே இருந்தால் மோப்பம் பிடித்துவிடும்; இடித்துவிட்டாலோ சினம் கொள்ளும். பனிக்கட்டி உருண்டையோ அம்போ கையிலிருந்தால் தூரத்துச் சுவரின் மேல் ஒன்றை எறிந்தால், விழுந்த இடத்தை நோக்கிப் போகும். எறிந்த இடத்தை நோக்கி வராது. ஆனால் பதற்றத்தில் ஐந்து நொடிக்குள் இரண்டாவதையும் எறிந்தால் எறிந்தவன் யார் என்று தெரிந்துகொள்ளும். ஒன்று எறி, பொறு. இவ்வாறு ஏறத்தாழ 60 நொடிகள் எந்த ஓசையும் அதற்கு எட்டாமல் பார்த்துக்கொண்டால், வந்த வழியே மண்ணுக்குள் புதைந்து போய்விடும்.

லுக்மான் அத்தியாயத்தில் அந்த ஞானி தம் மகனுக்குக் கூறும் அறிவுரைகளில் நடையில் நிதானமும் குரலில் தாழ்வும் இடம் பெற்றிருப்பதை மதரஸாவில் ஓதிய பிள்ளைகள் அறிவார்கள். கீழ்த்தளத்தில் தடதடவென ஓடிய தம்பியிடம் அக்காள் அதையே நினைவூட்டினாள். அவன் பதுங்கி நடந்தான். எங்கள் சிறு பிராயத்தில் பள்ளிவாசலில் பார்வையற்ற ஹாஃபிழ் ஒருவர் இருந்தார். ஒளு செய்துவிட்டு ஈரக் காலோடு உள்ளே நுழையும் சிறுவன் யார் வீட்டுப் பிள்ளை என்று காலடியைக் கேட்டே சொல்லிவிடுவார். ஒளு சரியாகச் செய்யாமல் ஓடி வருபவனை அவர் பெயர் சொல்லித் திருப்பி அனுப்பிய நாட்கள் உண்டு. கண்ணில்லாதவர் என்றால் அஞ்ச வேண்டியவர் என்னும் எண்ணம் இந்த விளையாட்டால் பிள்ளைகள் மனத்தில் படிந்துவிடக் கூடாதே என்று அவரைப் பற்றி அவர்களுக்கு நெடுநேரம் சொன்னேன்.

மூன்று முறை மடிந்த காரணம்

முதல் நாள் மாலை என் மருமகன் ஏன் மூன்று முறை மடிந்தான்? மடிந்தவனின் பொருள்கள் அவன் விழுந்த இடத்தில் சிதறிக் கிடக்கும். ஐந்து நிமிடத்தில் மறைந்துவிடும். இதை மட்டும் அறிந்திருந்ததால் கவசமும் இல்லாமல், கம்பளியும் இல்லாமல், தலை தெறிக்க ஓடினான். ஆனால் அந்த ஐந்து நிமிடக் கணக்கு, ஆடுபவர் யாரேனும் அந்த இடத்துக்கு அண்மையில் இருக்கும்போது மட்டுமே ஓடும். தொலைவில் உள்ள படுக்கையில் கண் விழித்தவன் ஒரு நாள் கழித்துச் சென்றாலும் பொருள்கள் அங்கேயே காத்திருக்கும். அவன் நெருங்கிய பிறகுதான் கடிகாரம் மறுபடி நகரும். முதல் முறை மடிந்ததோடு நின்று, விரிப்பு நெய்துகொண்டு மறுநாள் போயிருந்தால் எல்லாவற்றையும் மீட்டிருக்கலாம். இதை அக்காள் கண்டறிந்து சொன்னபோது அவன் வெகுநேரம் பேசவில்லை.

பெற்றோர் கவனிக்க வேண்டியவை சில உண்டு. ஐரோப்பியத் தரப்படுத்தலில் இது 7 வயதுக்கு மேற்பட்டோருக்கு. அமெரிக்கத் தரப்படுத்தலில் 10 வயதுக்கு மேற்பட்டோருக்கு. சிறு பிள்ளைகளுக்கு அமைதி நிலை என்று ஒன்று உண்டு. அதில் வைத்துவிட்டால் வார்டன் தோன்றவே தோன்றாது. முன்பின் தெரியாதவர்களோடு இணையத்தில் சேர்ந்து ஆடும் வசதிதான் எனக்கு வார்டனை விட அச்சம் தருகிறது. பிள்ளையின் கணக்கைப் பெற்றோரின் கணக்கோடு குடும்பமாக இணைத்துவிட்டால், யாரோடு ஆடலாம் என்பதற்குப் பெற்றோரின் அனுமதி தேவைப்படும்படி செய்யலாம். விளையாட்டுக்குள்ளேயே கடை ஒன்று இருக்கிறது. மைன்காயின் என்னும் நாணயத்தைப் பணம் கொடுத்து வாங்கினால் அங்கே செலவழிக்கலாம். வங்கி அட்டை விவரங்களைக் கைபேசியில் சேமித்து வைக்காதீர்கள்.

பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளோடு இதைச் சேர்த்துக் குழப்பிக்கொள்ள வேண்டாம். அவை சூது, நமக்கு ஹராம். நாட்டின் சட்டமும் 2025 ஆகஸ்டில் அவற்றைத் தடை செய்தது. இது அவ்வகை அன்று. ஆயினும் அளவு மீறினால் எதுவும் நோயாகும். உலக சுகாதார நிறுவனம் விளையாட்டுக் கோளாறு என்பதை நோய்களின் பட்டியலில் சேர்த்து, அது 2022 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்தது. ஆட்டத்தை நிறுத்த இயலாமை, மற்ற எல்லாவற்றையும் விட அதற்கே முதலிடம், கேடு விளைந்த பின்னும் தொடர்தல் ஆகியவை அதன் அறிகுறிகள். பொதுவாக ஓராண்டுக் காலம் இவை நீடித்தால்தான் மருத்துவர் அவ்வாறு முடிவு கட்டுவார். ஒரு வாரம் விளக்கு எரியவிட்டு உறங்கிய பிள்ளைக்கு அந்தப் பெயரைச் சூட்டிவிடக் கூடாது. தொழுகையும் பள்ளிக்கூடமும் உறக்கமும் தவறாமல் நடக்கின்றனவா என்று பார்ப்பது தாய்க்குப் போதுமான அளவுகோல்.

ரியாத்திலிருந்து கிணறு உத்தரவு வந்ததல்லவா? அதைத் திரும்பப் பெற வைத்தது மருமகளின் யோசனை. வெவ்வேறு நாடுகளில் இருப்பவர்களும் தத்தம் கைபேசியில் ஒரே உலகத்துக்குள் சேர்ந்து ஆடலாம். வி.களத்தூர், லப்பைக்குடிக்காடு போன்ற ஊர்களில் வளைகுடாவுக்குப் பிள்ளையையோ கணவனையோ அனுப்பாத வீடு அரிது. வாரம் ஒரு முறை கைபேசியில் "சாப்பிட்டியா, ஓதினியா, மார்க் எவ்வளவு" என்னும் மூன்று கேள்விகளோடு அத்தாவின் பேச்சு முடிந்துவிடும். இப்போது வெள்ளிக்கிழமை அங்கே ஜும்ஆ முடிந்து அவர் அறைக்குத் திரும்பும் வேளை, இங்கே மாலை நான்கு மணி அளவில், மகனோடு அந்த உலகத்துக்குள் இறங்குகிறார். முதல் வாரம் அவர் ஓசை எழுப்பி நான்கு ஓலத்தையும் கிளப்பிவிட்டார். "அத்தா, குனிங்க! குனிங்க அத்தா!" என்று மகன் கத்தினான். அவர் நிமிர்ந்தே ஓடி, ஒலிக்கணை பட்டு மடிந்தார். அவர் பொருள்களை மீட்க மறுநாள் மகன் விரிப்பு விரித்துக்கொண்டு தனியே போய், எல்லாவற்றையும் எடுத்து வந்து ஒரு பெட்டியில் வைத்தான்.

அந்தப் பாழ்நகரத்துப் பெட்டிகளில் எதிரொலிச் சில்லு என்று ஒரு பொருள் கிடைக்கும். எட்டுச் சில்லுகளோடு ஒரு திசைகாட்டியைச் சேர்த்தால், ஆடுபவன் கடைசியாக மடிந்த இடத்தைக் காட்டும் கருவி உருவாகும். வேறெங்கும் அச்சில்லு கிடைக்காது. இதுவரை அவர்கள் ஐந்து சேர்த்திருக்கிறார்கள். இன்னும் மூன்று வேண்டும். தென்பக்க மண்டபத்தில் மூன்று பெட்டிகள் திறக்கப்படாமல் இருப்பதாகவும், அங்கே ஷ்ரீக்கர் இரண்டு இருப்பதாகவும், நாற்பது விரிப்புகளாவது தேவைப்படும் என்றும் அக்காளின் ஏடு சொல்கிறது. கடைக்குட்டியிடம் இருபத்தேழு கம்பளி இருக்கிறது.